ரயில்வேயில் பதவி உயர்வு மறுக்கப்பட்டால்: சட்டம் என்ன சொல்கிறது, எத்தனை நாள் தருகிறது?

டிப்போவிலோ பணிமனையிலோ சீனியாரிட்டி பட்டியலை ஒட்டுவார்கள். மேலே 'தற்காலிகப் பட்டியல்' என்று இருக்கும். ஆட்சேபனை இருந்தால் இன்ன தேதிக்குள் எழுதிக் கொடுக்கவும் என்று கீழே ஒரு வரி இருக்கும். டியூட்டி முடிந்து வீட்டுக்குப் போகிற அவசரத்தில் பலரும் தங்கள் பெயர் இருக்கிறதா என்று மட்டும் பார்ப்பார்கள். யாருக்கு மேலே இருக்கிறது, யாருக்குக் கீழே இருக்கிறது என்று நின்று பார்ப்பவர்கள் குறைவு. ஏழெட்டு வருஷம் கழித்து, தனக்குப் பின்னால் வேலைக்கு வந்தவர் மேலே போன பிறகுதான் "அவர் என் ஜூனியர் ஆச்சே, எப்படி?" என்ற கேள்வி வரும். பிறகு மனு, சங்கம், வக்கீல், தீர்ப்பாயம் என்று அலைச்சல் தொடங்கும். தீர்ப்பாயம் முதலில் கேட்பதோ, "அந்தப் பட்டியல் வந்தபோது நீங்கள் என்ன செய்தீர்கள்?" என்பதைத்தான்.

பதவி உயர்வு வழக்குகளில் பல, நியாயம் இல்லாததால் தோற்பதில்லை. நாள் கடந்ததால் தோற்கின்றன. அதனால் உரிமையைப் பற்றிச் சொல்லும் அளவுக்கு இந்தக் கட்டுரை நாட்களைப் பற்றியும் பேசும்.

ரயில்வே மத்திய அரசின் துறை. மாநில அரசின் மின்னிதழில் இது எதற்கு என்று தோன்றலாம். பெரம்பூர், அரக்கோணம், விழுப்புரம், பொன்மலை, ஈரோடு, மதுரை என்று ரயில்வே குடும்பங்கள் நிறைந்த ஊர்கள் நம் மாநிலத்தில் எத்தனையோ உண்டு. அவர்களில் சிலர் திங்கட்கிழமை குறைதீர் கூட்டத்தில் ஆட்சியரிடமே மனு கொடுக்கிறார்கள். ஆனால் ரயில்வே ஊழியரின் பணி விஷயத்தில் மாநில அரசின் எந்த அலுவலகத்துக்கும் அதிகாரம் கிடையாது. அந்த மனு வேறு அலுவலகத்துக்கு அனுப்பப்படலாம், அவ்வளவுதான். அது போய்ச் சேர்கிற நேரத்தில் இங்கே கெடு ஓடிக்கொண்டிருக்கும்.

உரிமை எது, எது இல்லை

பதவி உயர்வு பெறுவது யாருடைய அடிப்படை உரிமையும் அல்ல. பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுவதுதான் உரிமை. அரசியல் சட்டத்தின் 16-வது பிரிவு பொது வேலைவாய்ப்பில் சம வாய்ப்பைத் தருகிறது. தகுதி உள்ள ஒருவரைப் பரிசீலிக்காமலே விட்டுவிட்டால் அந்த அடிப்படை உரிமை மீறப்படுகிறது என்று 1999-ல் அஜித் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் பரிசீலித்து, விதிப்படி மதிப்பிட்டு, தேர்வு செய்யாமல் விட்டால் அதைக் கேள்வி கேட்பது கடினம். காலியிடம் இருக்கிறது, எனக்குத் தகுதி இருக்கிறது, எனவே கொடுத்தே ஆக வேண்டும் என்ற வாதம் நிற்காது. காலியிடம் உண்டான தேதியிலிருந்தே பதவி உயர்வு கேட்க முடியாது என்பதும் பல தீர்ப்புகளில் உறுதியாகியிருக்கிறது.

ரயில்வேயில் குரூப் 'சி' ஊழியர்களின் பதவி உயர்வு விதிகள் இந்திய ரயில்வே எஸ்டாபிளிஷ்மென்ட் மேனுவலில் உள்ளன. அதன்படி பதவிகள் இரண்டு வகை. 'நான்-செலக்ஷன்' பதவிகளில் சீனியாரிட்டி வரிசைப்படியே போகும். வேலைக்குப் பொருத்தமானவரா என்று மட்டும் பார்ப்பார்கள். பணிமனைகளில் நடக்கும் டிரேடு டெஸ்ட் இதைச் சேர்ந்தது. 'செலக்ஷன்' பதவிகளில் எழுத்துத் தேர்வு, பணிப் பதிவு ஆகியவற்றை வைத்துத் தேர்வுக்குழு பேனல் போடும். முதல் வகையில் தகராறு பெரும்பாலும் சீனியாரிட்டியைப் பற்றியது. இரண்டாவது வகையில் தேர்வு நடந்த முறையைப் பற்றியது. உங்கள் பிரச்சினை எந்த வகை என்று தெரியாமல் மனு எழுதினால், பதில் எழுதுகிற பெர்சனல் பிராஞ்சுக்கு வேலை சுலபமாகிவிடும்.

தேர்வு வகையில் இரண்டு விஷயங்களை மனதில் வைக்க வேண்டும். அறிவிப்பிலேயே விதிக்கு மாறான நிபந்தனை இருந்தால் தேர்வு எழுதும் முன்பே எதிர்ப்பைப் பதிவு செய்யுங்கள். எதிர்ப்பு இல்லாமல் தேர்வில் கலந்துகொண்டு, தேறவில்லை என்று தெரிந்த பிறகு முறையே தப்பு என்று வருபவரை நீதிமன்றங்கள் ஏற்பதில்லை. 1995-ல் மதன் லால் வழக்கில் சொல்லப்பட்ட இது இன்றுவரை மேற்கோள் காட்டப்படுகிறது. மறுபக்கம், தேர்வு தொடங்கிய பிறகு நடுவில் விதியை மாற்றுவதற்கு, விதியே இடம் தந்தால் தவிர, நிர்வாகத்துக்கு அதிகாரம் இல்லை. பணி நியமனம் தொடர்பான தேஜ் பிரகாஷ் பாடக் வழக்கில் 2024 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதை உறுதி செய்தது.

விடைத்தாளில் சந்தேகமா? 2011-க்குப் பிறகு, ஒருவர் தன் மதிப்பிடப்பட்ட விடைத்தாளைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் கேட்டுப் பார்க்கலாம் என்பது சட்டம். 10 ரூபாய் கட்டணம், 30 நாளில் பதில். சந்தேகத்தை வைத்து வழக்குப் போடுவதற்கு முன் இதைச் செய்வது நல்லது. பலருடைய சந்தேகம் விடைத்தாளைப் பார்த்ததும் தீர்ந்துவிடும். சிலருடையது ஆதாரமாக மாறும்.

சீனியாரிட்டி எங்கே குழம்புகிறது

"நான் 2008-ல் சேர்ந்தேன், அவர் 2011-ல் சேர்ந்தார், எப்படி அவர் சீனியர்?" என்பது அடிக்கடி கேட்கும் கேள்வி. ரயில்வேயில் வேலைக்குச் சேர்ந்த வருஷம் மட்டுமே சீனியாரிட்டி அல்ல.

மிக அதிகமாக அடிபடுவது சொந்தக் கோரிக்கை இடமாறுதல். வேலை கிடைத்தது வடக்கே ஏதோ ஒரு கோட்டத்தில். அப்பா அம்மாவைப் பார்க்க வேண்டும், பிள்ளைகள் படிப்பு இருக்கிறது, ஊருக்கு வர வேண்டும். சில வருஷம் காத்திருந்து மாறுதல் கிடைத்ததும் சந்தோஷமாக வந்து சேருவார்கள். ஆனால் சொந்த விருப்பத்தில் வேறு சீனியாரிட்டி யூனிட்டுக்கு வந்தால், அந்த கிரேடில் அன்று இருக்கிற நிரந்தர, தற்காலிக, பொறுப்பு ஊழியர்கள் எல்லோருக்கும் கீழேதான் இடம் என்று மேனுவலின் 312-வது பத்தி சொல்கிறது. ஊழியர்கள் இதை 'பாட்டம் சீனியாரிட்டி' என்பார்கள். ஓய்வூதியத்துக்குப் பழைய சேவை சேரும். பதவி உயர்வு வரிசைக்குச் சேராது. மாறுதல் விண்ணப்பத்தில் இதற்கு ஒப்புக்கொண்டு கையெழுத்துப் போட்டிருப்பார்கள். அதை எதிர்த்துப் போட்ட வழக்கு நிற்பது அபூர்வம். அதே சமயம், நிர்வாகத் தேவைக்காக மாற்றப்பட்டவரையும் தவறுதலாக இந்தக் கணக்கில் சேர்த்துக் கடைசியில் தள்ளியிருந்தால், அது திருத்த வேண்டிய பிழை. இடமாறுதல் உத்தரவில் 'சொந்தக் கோரிக்கை' என்று இருக்கிறதா, 'நிர்வாக நலன்' என்று இருக்கிறதா? அந்த ஒரு சொல் பத்து வருஷத்துக்குப் பிறகு முக்கியமாகும். உத்தரவின் நகலைப் பத்திரமாக வைத்திருங்கள்.

இருவர் பரஸ்பரம் இடம் மாற்றிக்கொள்வது வேறு கணக்கு. அங்கே தன் பழைய சீனியாரிட்டி, எதிர்த் தரப்பு ஊழியரின் சீனியாரிட்டி, இரண்டில் எது கீழே இருக்கிறதோ அதுதான் கிடைக்கும். ஜோடி தேடும்போது ஊரை மட்டும் பார்க்காமல் எதிராளியின் சேர்ந்த தேதியையும் பார்ப்பது புத்திசாலித்தனம்.

நேரடி நியமனத்தில் பயிற்சிக்குப் போகிற பிரிவுகளில், பயிற்சி முடிவில் நடக்கும் தேர்வின் தகுதி வரிசைதான் ஒரே பேட்ச் ஆட்களுக்குள் சீனியாரிட்டியை முடிவு செய்யும். பயிற்சிப் பள்ளித் தேர்வை "பாஸானா போதும்" என்று எழுதியவர்கள் அதன் விலையைப் பிறகு உணர்வார்கள். ஒரே கிரேடுக்கு நேரடி நியமனத்தில் வந்தவருக்கும் பதவி உயர்வில் வந்தவருக்கும் இடையே வரிசையை, ஒருவர் முறைப்படி பணியில் சேர்ந்த தேதியும் மற்றவர் முறைப்படி பதவி உயர்வு பெற்ற தேதியும் தீர்மானிக்கும். இங்கே 'முறைப்படி' என்ற சொல்லைக் கவனியுங்கள். அவசரத்துக்குப் போடும் 'அட்ஹாக்' பதவி உயர்வில் எத்தனை வருஷம் வேலை பார்த்திருந்தாலும் அது பொதுவாக சீனியாரிட்டியில் சேராது. மேல் பதவியில் ஆறு வருஷம் வேலை பார்த்தவர், பட்டியலில் நேற்று முறைப்படி வந்தவருக்குக் கீழே நிற்பதைப் பார்த்து மனம் நொந்துபோவது இதனால்தான்.

இன்னொன்று, பதவி உயர்வை வேண்டாம் என்று எழுதிக் கொடுப்பது. தூரத்து ஸ்டேஷனில் போஸ்டிங் என்றதும் பலர் மறுத்துவிடுகிறார்கள். மறுத்தால் ஒரு வருஷத்துக்குப் பதவி உயர்வு கிடையாது. அதற்குள் மேலே போனவர்கள் சீனியர் ஆகிவிடுவார்கள். 10, 20, 30 ஆண்டுச் சேவைக்குக் கிடைக்கும் எம்.ஏ.சி.பி. நிதி உயர்வும் இதனால் பாதிக்கப்படலாம். மறுப்புக் கடிதத்தை வாய்ப்பேச்சில் "எழுதிக் குடுங்க, அடுத்த தடவை பாத்துக்கலாம்" என்று யாராவது சொல்லி வாங்கினால், கையெழுத்துக்கு முன் இரண்டு நாள் யோசியுங்கள்.

ஓட்டுநர் பிரிவில் கண்பார்வை அல்லது உடல் தகுதி குறைந்து வேறு பணிக்கு மாற்றப்படுவோர் நிலை தனி. 2016-ன் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம், 20-வது பிரிவில், பணிக்காலத்தில் குறைபாடு ஏற்பட்டவரின் பதவி நிலையைக் குறைக்கவோ பணிநீக்கம் செய்யவோ கூடாது என்கிறது. குறைபாட்டை மட்டுமே காரணமாக்கி யாருக்கும் பதவி உயர்வை மறுக்கக் கூடாது என்றும் சொல்கிறது. ரயிலை ஓட்டும் பணிக்குத் திரும்ப முடியாமல் போகலாம். மாற்றுப் பணியில் சம்பளமும் உயர்வு வாய்ப்பும் காக்கப்பட வேண்டும் என்று கேட்க அவருக்குச் சட்டப்படி இடம் உண்டு.

இட ஒதுக்கீடும் ரயில்வே வழக்குகளும்

பதவி உயர்வில் இட ஒதுக்கீடு பற்றி நாடு முழுக்கப் பேசப்படும் சட்டத்தின் தொடக்கமே தெற்கு ரயில்வேயில் இருக்கிறது. ரயில்வே வாரியம் 1959-ல் அனுப்பிய சுற்றறிக்கைகள், மூன்றாம் வகுப்புத் தேர்வுப் பதவிகளின் உயர்விலும் பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் ஒதுக்கீடு தந்தன. தெற்கு ரயில்வேயில் கோர்ட் இன்ஸ்பெக்டராக இருந்த ரங்காச்சாரி என்பவர் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போனார், அங்கே ஜெயித்தார். உச்ச நீதிமன்றம் 1961-ல் மூன்றுக்கு இரண்டு என்ற பெரும்பான்மையில் அதை மாற்றியது. 16(4) பிரிவு பதவி உயர்வுக்கும் பொருந்தும் என்றது. அந்தத் தீர்ப்பு முப்பது ஆண்டுகள் நின்றது.

1992 நவம்பரில் மண்டல் வழக்கு என்று அறியப்படும் இந்திரா சாஹ்னி வழக்கில் ஒன்பது நீதிபதிகள் அமர்வு, 16(4) பதவி உயர்வுக்குப் பொருந்தாது என்றது. நடப்பில் இருந்த ஒதுக்கீட்டை ஐந்து ஆண்டுகள் தொடரலாம் என்றும் சொன்னது. அந்தக் கெடு முடியும் முன்பே, 1995-ல் 77-வது திருத்தம் வந்து 16(4-ஏ) பிரிவைச் சேர்த்தது. பட்டியல் சாதி, பழங்குடி ஊழியர்களுக்குப் பதவி உயர்வில் ஒதுக்கீடு தர அரசுக்கு அதிகாரம் உறுதியானது.

பிறகு கேள்வி நகர்ந்தது. ஒதுக்கீட்டில் முன்பே உயர்ந்தவர், பின்னால் அதே பதவிக்கு வந்து சேர்கிற தன் பழைய சீனியருக்கு இப்போது சீனியரா? இதுவும் ரயில்வே வழக்கு. வடக்கு ரயில்வே கார்டுகள் தொடர்பான வீர்பால் சிங் சவுகான் வழக்கு, 1995. இப்படி வைத்துக்கொள்ளுங்கள்: கீழ் கிரேடில் ஒருவர் 10-வது இடம், இன்னொருவர் 25-வது இடம். 25-வது ஆள் ஒதுக்கீட்டு இடத்தில் முதலில் உயர்கிறார். இரண்டு வருஷம் கழித்து 10-வது ஆளும் உயர்கிறார். அவர் மேல் கிரேடில் தன் பழைய முன்னிலையைத் திரும்பப் பிடித்துக்கொள்வார் என்றது வீர்பால் சிங் தீர்ப்பு. நாடாளுமன்றம் 85-வது திருத்தத்தின் மூலம் இதற்குப் பதில் சொன்னது. ஒதுக்கீட்டில் உயர்பவருக்கு அதன் தொடர்ச்சியான சீனியாரிட்டியும் தரலாம் என்று 16(4-ஏ) மாற்றப்பட்டது. 1995 ஜூன் 17 முதல் முன்தேதியிட்டு அது அமலானது.

அந்தத் திருத்தங்கள் செல்லும் என்று 2006-ல் நாகராஜ் வழக்கு உறுதி செய்தது. ஆனால் பதவிகளில் பிரதிநிதித்துவம் போதாது என்பதற்கான தரவு அரசிடம் இருக்க வேண்டும், நிர்வாகத் திறனும் கருதப்பட வேண்டும் என்ற நிபந்தனைகளைச் சேர்த்தது. அந்தச் சமூகங்கள் பின்தங்கியவை என்று தனியாகத் தரவு காட்டத் தேவையில்லை என்று 2018-ல் ஜர்னைல் சிங் வழக்கு திருத்தியது. 2022 ஜனவரியில் அதே வழக்கின் அடுத்த கட்டத்தில், பிரதிநிதித்துவக் கணக்கை மொத்தத் துறைக்கும் சேர்த்து எடுக்கக் கூடாது, அந்தந்தப் பதவித் தொகுதிக்கு எடுக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. அதையொட்டி மத்திய பணியாளர் துறை அதே ஆண்டு ஏப்ரலில் வழிமுறை வெளியிட்டது.

இங்கே ஒரு வார்த்தை. டீக்கடையிலும் ஓய்வறையிலும் இந்த விஷயம் சீக்கிரம் சூடாகிவிடும்; எந்தத் தரப்பும் மற்றதைச் சந்தேகமாகவே பார்க்கும். வழக்கில் அந்தச் சூடு உதவாது. உங்கள் பிரிவின் இனச்சுழற்சிப் பதிவேட்டில் எத்தனை புள்ளிகள், எத்தனை நிரம்பியவை, பற்றாக்குறை எவ்வளவு என்ற கணக்குதான் உதவும். ஒதுக்கீட்டு இடம் நிரப்பப்படாமல் இருக்கிறது என்று வருபவருக்கும், அளவுக்கு மேல் நிரப்பப்பட்டது என்று வருபவருக்கும் அதே பதிவேடுதான் ஆதாரம். தகவல் அறியும் உரிமையில் அதைக் கேட்கலாம்.

பதவி அமைப்பை மாற்றியமைக்கும் 'ரீஸ்டிரக்சரிங்' காலங்களிலும் வழக்குகள் குவிந்தன. இருக்கிற எல்லோருக்கும் சம்பள நிலையை மட்டும் உயர்த்தினால் அது பதவி உயர்வு அல்ல. மேல் கிரேடு இடங்கள் அதிகமாகி, அதற்கு ஆட்களைத் தேர்ந்தெடுத்தால் அது பதவி உயர்வு, ஒதுக்கீடும் பொருந்தும். ரயில்வேயின் 2003-ஆம் ஆண்டு மாற்றியமைப்பு பற்றிய புஷ்பா ராணி வழக்கில் 2008-ல் இப்படித் தீர்ப்பானது.

நாள் கணக்கு

1985-ன் நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டம், 21-வது பிரிவு. ரயில்வே ஊழியர் நினைவில் வைக்க வேண்டிய எண் இதுதான். உங்கள் கோரிக்கைக்கு இறுதி உத்தரவு வந்தால், அன்றிலிருந்து ஓராண்டுக்குள் தீர்ப்பாயத்துக்குப் போக வேண்டும். கோரிக்கை மனுவுக்குப் பதிலே வராவிட்டால் ஆறு மாதம் காத்திருக்க வேண்டும். அந்த ஆறு மாதம் முடிந்ததிலிருந்து ஓராண்டு. உதாரணத்துக்கு, மார்ச் 15-ல் மனு கொடுத்தீர்கள், பதில் இல்லை. செப்டம்பர் 15-ல் ஆறு மாதம் முடிகிறது. அடுத்த ஆண்டு செப்டம்பர் 15 வரை நேரம்.

பலர் தடுக்கி விழுவது இதற்குப் பிறகுதான். "நினைவூட்டல் கடிதம் போட்டுக்கிட்டே இருக்கேன் சார், இதோ ஒன்பது கடிதம்" என்பார்கள். ஒன்பது கடிதமும் காலத்தை நீட்டாது. விதியில் இல்லாத தொடர் மனுக்கள் கெடுவை நீட்டிக்காது என்று 1989-ல் எஸ்.எஸ்.ரத்தோர் வழக்கில் ஏழு நீதிபதிகள் அமர்வு சொல்லிவிட்டது. பழைய விஷயத்துக்கு இப்போது மனு கொடுத்து, அதற்கு ஒரு பதில் வாங்கி, அந்தப் பதிலின் தேதியிலிருந்து கணக்கைத் தொடங்கும் உத்தியும் செல்லாது. தமிழ்நாட்டிலிருந்தே போன சி.ஜேக்கப் வழக்கில் 2008-ல் உச்ச நீதிமன்றம் இந்த உத்தியை விளக்கமாகவே கண்டித்தது.

"சங்கத்துல பேசிக்கிட்டு இருக்காங்க" என்பது இன்னொரு காரணம். கோட்ட அளவிலும் மண்டல அளவிலும் சங்கங்கள் நிர்வாகத்தோடு பி.என்.எம். கூட்டங்களில் பேசுவது பயனுள்ளது. பல பிழைகள் அங்கேயே சரியாகின்றன. ஆனால் அந்தப் பேச்சு உங்கள் தனிப்பட்ட கெடுவை நிறுத்தி வைக்காது. சங்கம் பேசட்டும், உங்கள் மனுவும் தனியாகப் போகட்டும்.

தாமதமாகிவிட்டால் வழியே இல்லையா? போதிய காரணம் காட்டினால் தாமதத்தை மன்னிக்கத் தீர்ப்பாயத்துக்கு அதிகாரம் உண்டு. அதற்குத் தனி விண்ணப்பம் வேண்டும். சம்பள நிர்ணயத் தவறு என்றால் நிலைமை கொஞ்சம் எளிது. எம்.ஆர்.குப்தா என்ற ரயில்வே ஊழியரின் வழக்கில் 1995-ல் உச்ச நீதிமன்றம், தவறான சம்பளம் மாதாமாதம் தொடர்கிற தவறு, எனவே பணியில் இருக்கும்வரை கேட்கலாம் என்றது. ஆனால் பழைய நிலுவை முழுவதும் கிடைக்காது. பதவி உயர்வு போன்ற தொடர் சலுகைகளுக்குத் தாமதம் தடையாகலாம் என்றும் அதே தீர்ப்பு சொன்னது. காரணம் சுலபம். உங்கள் சம்பளத்தைத் திருத்தினால் வேறு யாருக்கும் நஷ்டமில்லை. பத்து வருஷம் கழித்து உங்கள் சீனியாரிட்டியைத் திருத்தினால், அந்தப் பத்து வருஷத்தில் உயர்ந்த நாற்பது பேரின் வாழ்க்கையைக் கலைக்க வேண்டியிருக்கும். நீதிமன்றம் அவர்களையும் பார்க்கிறது.

எங்கே, எப்படி

பக்கத்து வீட்டு மாநில அரசு ஊழியர் "நேரா ஐகோர்ட்ல ரிட் போடுங்க" என்று சொல்வார். அவருக்கு அது சரி. மாநில ஊழியர்களுக்கான தீர்ப்பாயம் இங்கே இப்போது இல்லை. ரயில்வே ஊழியர் முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குத்தான் போக வேண்டும். நேராக உயர் நீதிமன்றம் போனால் திருப்பி அனுப்புவார்கள். அதற்குள் மாதங்கள் ஓடிவிடும். விதிவிலக்கு ரயில்வே பாதுகாப்புப் படை. அது ஆயுதப் படை என்பதால் அந்தப் படையினர் உயர் நீதிமன்றத்துக்கே போகலாம்.

தமிழ்நாட்டுக்கும் புதுச்சேரிக்கும் சென்னை அமர்வு. கேரளத்துக்கு எர்ணாகுளம் அமர்வு. நாகர்கோவில் திருவனந்தபுரம் கோட்டத்திலும், பொள்ளாச்சி பாலக்காடு கோட்டத்திலும் இருக்கின்றன. கோட்ட அலுவலகம் கேரளத்தில் இருந்தாலும், நீங்கள் பணிபுரியும் இடம் தமிழ்நாடு என்றால் சென்னையில் தாக்கல் செய்யலாம். ஓய்வு பெற்றவர் தான் வசிக்கும் இடத்துக்குரிய அமர்வில் தாக்கல் செய்யலாம்.

கட்டணம் 50 ரூபாய்தான். வக்கீல் வைத்துக்கொள்ளலாம், தானே வாதாடவும் சட்டம் அனுமதிக்கிறது. பெண்கள், பட்டியல் சாதி, பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமான வரம்பின்றி இலவச சட்ட உதவி கிடைக்கும். சட்டப் பணிகள் ஆணைக்குழுவின் 15100 எண்ணில் கேட்கலாம்.

விண்ணப்பத்தில் அடிக்கடி நேரும் குறை, பாதிக்கப்படப் போகிறவர்களை எதிர்மனுதாரராகச் சேர்க்காமல் விடுவது. "கூட வேலை பாக்கறவர், அவர் மேல எதுக்குக் கேஸ்" என்ற தயக்கம் புரிகிறது. ஆனால் உங்களுக்கு மேலே வைக்கப்பட்டவரின் இடத்தை, அவரைக் கேட்காமல் தீர்ப்பாயம் மாற்றாது. எல்லோரையும் சேர்க்க முடியாத அளவுக்கு ஆட்கள் இருந்தால் சிலரையாவது பிரதிநிதிகளாகச் சேர்க்க வேண்டும். அவர்மேல் குற்றம் சாட்டுவதாக இதற்குப் பொருளில்லை. அவருக்கும் பேச இடம் தருவதுதான் இது. இதைத் தேநீர் நேரத்தில் அவரிடமே சொல்லிவிட்டால் பணியிட உறவும் கெடாது.

தீர்ப்பு பாதகமானால், 1997-ன் எல்.சந்திர குமார் தீர்ப்புப்படி உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வுக்குப் போகலாம். அதற்குப் பிறகுதான் உச்ச நீதிமன்றம். வழக்கு நடக்கும்போது விண்ணப்பதாரர் இறந்துவிட்டால் வாரிசுகள் 90 நாளுக்குள் தங்களைச் சேர்க்கக் கேட்க வேண்டும். ஓய்வூதியமும் குடும்ப ஓய்வூதியமும் கடைசிச் சம்பளத்தைச் சார்ந்தவை. வழக்கு நிலுவையில் இருப்பதைக் குடும்பத்தாரிடம் சொல்லி, கோப்பு இருக்கும் இடத்தைக் காட்டி வைப்பது இதனால்தான் அவசியம்.

ஜெயித்தால் என்ன கிடைக்கும்

நிர்வாகப் பிழையால் பதவி உயர்வு தவறியவருக்கு மேனுவலின் 228-வது பத்தி வழி சொல்கிறது. சரியான சீனியாரிட்டி கிடைக்கும். உரிய தேதியிலேயே உயர்ந்திருந்தால் இன்று என்ன சம்பளமோ அது நிர்ணயிக்கப்படும். ஆனால் மேல் பதவியில் வேலை பார்க்கவில்லை என்பதால் இடைக்கால நிலுவை கிடையாது என்று முடிகிறது. இந்தக் கடைசி வரியில்தான் சண்டை. வடக்கு ரயில்வேயின் வீரேந்தர் குமார் வழக்கில், 1990-ல், வேலை செய்யாத காலத்துக்கு நிலுவை இல்லை என்றது உச்ச நீதிமன்றம். அடுத்த ஆண்டே ஜானகிராமன் வழக்கில், ஊழியர் வேலை செய்யத் தயாராக இருந்து, அவர் தவறு எதுவும் இல்லாமல் நிர்வாகமே தள்ளி வைத்திருந்தால், வேலை இல்லையேல் சம்பளம் இல்லை என்ற விதி அப்படியே பொருந்தாது என்றது. 1997-ல் பி.ஓ.ஆபிரகாம் வழக்கில் 228-ன் அந்த வரியை ரத்து செய்த தீர்ப்பாய முடிவையும் ஏற்றது. இரண்டு தரப்புக்கும் தீர்ப்பு இருப்பதால், உங்கள் வழக்கின் விவரம்தான் முடிவு செய்யும். மனுவில் நிலுவையையும் சேர்த்துக் கேளுங்கள். கேட்காததைத் தீர்ப்பாயம் தானாகத் தராது.

ஜானகிராமன் வழக்கு இன்னொன்றுக்கும் உதவும். "உங்க மேல விசாரணை இருக்கு" என்று வாய்மொழியாகச் சொல்லிப் பதவி உயர்வை நிறுத்த முடியாது. முறைப்படி குற்றப் பத்திரிகை தரப்பட்டிருந்தால் மட்டுமே முடிவை முத்திரையிட்ட உறையில் வைக்கலாம்.

ஓய்வுக்கு நெருங்கியவர்கள் காத்திருக்கக் கூடாது. பதவி உயர்வு, அது தரப்பட்டு ஊழியர் பொறுப்பேற்கும் தேதியிலிருந்துதான் செல்லும். ஓய்வுபெற்ற பிறகு அதை முன்தேதியிட்டுக் கேட்க முடியாது என்று 2024 நவம்பரில் மேற்கு வங்க அரசு ஊழியர் ஒருவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. கோப்பு மேஜையில் தேங்கி நிற்கிறது என்றால், ஓய்வுத் தேதிக்கு முன்பே எழுத்தில் கேட்டு, தேவைப்பட்டால் இடைக்கால உத்தரவும் கோர வேண்டும்.

உத்தரவு சாதகமாக வந்ததும் அதன் சான்றிட்ட நகலை ஒரு கடிதத்துடன் இணைத்து, ஒப்புகை பெற்று அலுவலகத்தில் கொடுங்கள். பெரும்பாலான உத்தரவுகளில் நிறைவேற்றக் கெடு குறிப்பிட்டிருக்கும். அந்தக் கெடு முடிந்தும் நடக்கவில்லை என்றால் 17-வது பிரிவின் கீழ் அவமதிப்பு மனு போடலாம். அதற்கும் ஒரு வருஷம்தான்.